கையில்லாத அந்த மாஸ்டர்: ‘டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்’ பார்த்த அனுபவங்கள் (புனைபெயர்களில் மூவர் எழுதிக்கொண்டது)

வலதுகை:
கதை பலருக்கும் தெரியும், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்: கார் விபத்தில் கைகள் நொறுங்கிய அறுவை மருத்துவர் ஸ்ட்ரேஞ்ச், குணம் தேடிக் காத்மாண்டு போய் மந்திர வித்தை கற்கும் ஹாலிவுட் படம். நான் தையற்காரன். பைக்கிலிருந்து விழுந்து மணிக்கட்டில் பிளேட் வைத்த நான்காவது மாதம் அது. கத்தரி பிடிக்க வராது. காஜா எடுக்கப் பக்கத்துக் கடைக்குத்தான் அனுப்பிக்கொண்டிருந்தேன். மகள் டிவியில் இந்தப் படத்தைப் போட்டாள்.

காத்மாண்டுவில் ஸ்ட்ரேஞ்ச், வேறு இடத்துக்குப் போகும் மந்திர வாசலைத் திறக்கக் காற்றில் வட்டம் போட்டுப் போட்டுப் பார்க்கிறான், ஒன்றும் நடக்கவில்லை. கைகள்தான் காரணம் என்கிறான். மொட்டைத்தலை குருவம்மா, மாஸ்டர் ஹமீரை அழைக்கிறார். அவர் அங்கியை விலக்கினால் ஒரு கை மணிக்கட்டோடு முடிந்திருக்கிறது. அந்தக் கையை வைத்துக்கொண்டே காற்றில் நெருப்புக் கோலம் போடுகிறார்.

நான் அப்போது சட்டைப் பொத்தானோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். மகள் என் பக்கம் திரும்பவே இல்லை. வேண்டுமென்றேதான் திரும்பவில்லை. அது இன்னும் உறுத்துகிறது.

இரவுப்பணி:
ஐயா, மன்னிக்கவும். ஆற்றோடு மோதாதே, அதன் போக்குக்குச் சரணடைந்துவிடு என்று அந்த அம்மா சொல்வது அழகுதான். ஆனால் அடுத்து என்ன செய்கிறார்? அவனை எவரெஸ்டில் கொண்டுபோய் விட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறார். உயிர்ப்பயத்தில் வாசல் திறக்கிறது. இது சரணாகதி என்றால், நாய் துரத்தும்போது சுவரேறிக் குதிப்பதும் சரணாகதிதான்.

அவன் உண்மையில் சரணடைவது, உலகை விழுங்க வரும் இருட்டுலக சக்தியான டோர்மாமுவிடம். ஒரே கணம் திரும்பத் திரும்ப நடக்கும்படி காலத்தை முடிச்சுப் போட்டுவிட்டு, தோற்றுக்கொண்டே இருக்கச் சம்மதித்துப் போகிறான். எந்த நோயாளியால் தன் பெயர் கெடுமோ என்று கணக்குப் பார்த்து ஒதுக்கிய அதே டாக்டர்!

2016 நவம்பர், 500 ரூபாய் நோட்டு செல்லாமல் போன வாரம். நூறு ரூபாய்த் தாள்களைத் தேடி எடுத்துக்கொண்டு தியேட்டருக்குப் போனேன். அவன் செத்துச் செத்துத் திரும்பி வந்து, ‘பேரம் பேச வந்திருக்கிறேன்’ என்ற அதே வசனத்தைச் சொல்லும்போது அரங்கமே சிரித்தது. அப்பாவை வாரம் மூன்று முறை டயாலிசிஸுக்கு அழைத்துப்போய்க்கொண்டிருந்த காலம். ஒவ்வொரு முறையும் கட்டிலில் ஏறும்போது அவர் நர்ஸிடம், “வந்துட்டேம்மா” என்பார். அதே குரல், அதே சொல். என்னால் சிரிக்க முடியவில்லை.

புளியமரத்தடி:
நான் பாதிதான் பார்த்தேன், பஸ்ஸில். ஊர் வந்துவிட்டது.

வலதுகை அண்ணா, பிளேட் வைத்த கையைச் சும்மா வைத்திருக்கக் கூடாது. வெதுவெதுப்பான நீரில் பத்து நிமிடம் வையுங்கள். பிறகு மெத்தென்ற பந்தைப் பிசையுங்கள். தட்டில் புளியங்கொட்டையைக் கொட்டி ஒவ்வொன்றாகப் பொறுக்குங்கள், பெருவிரலும் சுண்டுவிரலும் சேர்ந்து. வலித்தால் நிறுத்திவிடுங்கள், வீராப்பு வேண்டாம். பிசியோதெரபிஸ்டைக் கேட்காமல் எண்ணெய் போட்டு உருவ யாரையும் விடாதீர்கள். என் சித்தப்பா விட்டார், வீக்கம்தான் மிச்சம். இரவில் கையைத் தலையணைமேல் உயர்த்தி வையுங்கள். கனமான கத்தரியை இப்போதைக்குத் தொடாதீர்கள்.

வலதுகை:
தம்பி, கை தேறி ஆறு வருடம் ஆகிறது.

இரவுப்பணி, நீங்கள் சொல்வதும் சரியாக இருக்கலாம். ஆனால் கடைசிக் காட்சியைப் பாருங்கள். அத்தனை வித்தையும் கற்றபின் உடைந்த கைக்கடிகாரத்தை எடுத்துக் கட்டுகிறான். கை இன்னும் நடுங்குகிறது. அந்த நடுக்கத்தைப் பார்த்ததும் மகள் எழுந்து வந்து, ஒன்றும் பேசாமல், என் சட்டையின் மேல் பொத்தானைப் போட்டுவிட்டாள்.

இரவுப்பணி:
இதை முதலிலேயே எழுதியிருக்கலாமே ஐயா.