எப்படி மடித்தாலும் அட்டை பின்னால் போகிறது, உதவுங்கள்

ஏழாம்வகுப்பு_டீச்சர்: அவசரம். ஒரே தாளை மடித்து எட்டுப் பக்க ஸீன், அதாவது குட்டிப் பத்திரிகை, செய்யச் சொன்னேன், பிள்ளைகள் எல்லாரும் வரைந்து முடித்துவிட்டார்கள். மடித்தால் தலைப்புப் பக்கம் முன்னால் வரமாட்டேன் என்கிறது. நாளை நகல் எடுக்க வேண்டும். எங்கே தப்பு?

கத்தரி: தாள் ஏ4-ஆ? ஒரு பக்கம் மட்டும் வரைந்ததா? வெட்டு எங்கே போட்டீர்கள்?

மைக்கறை: பிரிண்டர்தான் காரணம். அது தானாகச் சுருக்கினால் மடிப்புக் கோடு நகர்ந்துவிடும். நூறு சதவீதத்தில் வையுங்கள்.

கத்தரி: இன்னும் நகலே எடுக்கவில்லை என்கிறாரே.

பழையமடிப்பு: மாதம் ஒருமுறை இதே கேள்வி. வெற்றுத் தாளை மடித்து, எண் போட்டு, பிரித்துப் பார்த்த பிறகுதான் பிள்ளைகள் கையில் கொடுக்க வேண்டும். தாளைப் படுக்கையாக வைத்தால் கீழ் வரிசை 8, 1, 2, 3. மேலே தலைகீழாக 7, 6, 5, 4. அவ்வளவுதான்.

அரைத்தாள்: நான் கீழே 6, 7, 8, 1, மேலே 5, 4, 3, 2 என்று போடுவேன்.

பழையமடிப்பு: வராது.

அரைத்தாள்: இப்போதுதான் ஒன்று மடித்தேன், வருகிறது. ஸீன் பண்ணலாம், சீன் போட வேண்டாம் சார்.

தொகுப்பாளன்: அது என்ன ஸீன்? கையெழுத்துப் பத்திரிகை என்றால் ஆகாதா?

மைக்கறை: அது ஒரே பிரதி, கைமாறிப் போகும். இது நகலெடுத்துக் கொடுப்பது. 1930இல் சிகாகோ அறிவியல் புனைகதை ரசிகர்கள் போட்ட 'தி காமெட்'தான் முதல் ஃபேன்ஸீன் என்பார்கள். அந்தச் சொல்லின் தலையை வெட்டினால் ஸீன்.

தொகுப்பாளன்: நாங்கள் கார்பன் வைத்து மூன்று பிரதி எழுதினோமே, அது எதில் சேரும்?

ஏழாம்வகுப்பு_டீச்சர்: ஏ4, ஒரு பக்கம்தான். வெட்டு நடுக்கோட்டில், நடு இரண்டு கட்ட அளவுக்கு. அட்டை கீழே இடது ஓரம், அங்கிருந்து 1, 2, 3, 4. மேலே தலைகீழாக, வலமிருந்து 5, 6, 7, 8.

கத்தரி: பிடிபட்டது. வெட்டை விரித்து மடிக்கும்போது கீழ் வரிசையின் நடு இரண்டு கட்டமும் ஒரே ஏட்டின் முன்னும் பின்னும் ஆகும். அங்கே 1, 2 இருக்கலாம், 7, 8 இருக்கலாம். உங்களுக்கு 2, 3 இருக்கிறது. அதனால் 8க்கு முதுகாக 1 போய் ஒட்டிக்கொள்கிறது. மேலே சண்டை போட்ட இருவர் வரிசையும் சரிதான். இரண்டு கட்டம் தள்ளினால் கெடாது, ஒரு கட்டம் தள்ளினால் கெட்டது.

மறுபடி வரைய வேண்டாம். நகல் ஒன்றை எடுத்து நாலே துண்டாக வெட்டுங்கள்: 1-2-3 சேர்ந்த துண்டு, 5-6-7 துண்டு, தனியாக 4, தனியாக 8. புதுத் தாளில் 1-2-3ஐ ஒரு கட்டம் வலப்பக்கம், 5-6-7ஐ ஒரு கட்டம் இடப்பக்கம் ஒட்டுங்கள். 4ஐத் திருப்பி மேலே வலது மூலையில், 8ஐத் திருப்பிக் கீழே இடது மூலையில். பென்சில் கோடு நகலில் மங்கும், முதலில் கறுப்புப் பேனாவால் ஒரு சுற்று போகச் சொல்லுங்கள்.

பழையமடிப்பு: மாதிரி மடித்திருந்தால் இந்த வெட்டும் ஒட்டும் தேவையே இல்லை.

ஏழாம்வகுப்பு_டீச்சர்: ஒன்று ஒட்டி மடித்தேன், வந்துவிட்டது! இன்னும் 31 இருக்கிறது. நன்றி கத்தரி.

தொகுப்பாளன்: கார்பன் பிரதிக்கு யாரும் பதில் சொல்லவில்லையே?