ஜாடியில் ஊறும் வெள்ளரிப் பிஞ்சு: மேலே வெண்ணிற ஏடு, காயின் ஒரு முனையில் மென்மை

கேள்வி:
வணக்கம். பீங்கான் ஜாடியில், வினிகர் சேர்க்காமல், உப்புநீருடன் சதகுப்பைத் தழையும் பூண்டும் மட்டும் இட்டு இரண்டு கிலோ வெள்ளரிப் பிஞ்சுகளை ஊறவைத்திருக்கிறேன். லிட்டருக்கு 50 கிராம் உப்பு என்று நிறுத்தே கரைத்தேன். இன்று எட்டாம் நாள். நீர் கலங்கி, மேலே மெல்லிய வெண்ணிற ஏடு படர்ந்திருக்கிறது. ஒரு காயை எடுத்து வெட்டியபோது, புளிப்பு மணம் நன்றாக இருந்தாலும், ஒரு முனை மட்டும் மெத்தென்று இருந்தது. அனைத்தையும் கொட்டிவிட வேண்டுமா?

பதில் 1:
கலங்கலைக் கண்டு அஞ்ச வேண்டாம். காயின் சர்க்கரையை லாக்டிக் அமிலமாக மாற்றும் பாக்டீரியாக்கள் பெருகும்போது நீர் கலங்குவது இயல்பு. அந்த அமிலமே காயைப் புளிக்கவைத்துக் கெடாமல் காக்கிறது. வழவழப்பான மெல்லிய ஏடு பெரும்பாலும் காற்றுப்படும் இடத்தில் வளரும் ஈஸ்ட். அதைத் தூய கரண்டியால் நாள்தோறும் வழித்தெடுங்கள். விட்டுவைத்தால் அது அமிலத்தைத் தின்று புளிப்பைக் குறைத்துவிடும். பஞ்சு போன்றோ நிறத்துடனோ பூஞ்சணம் தெரிந்தால் நிலைமை வேறு. அப்போது நான் எதையும் வைத்துக்கொள்ள மாட்டேன்.

மென்மைதான் கவனிக்க வேண்டியது. மெத்தென்று இருந்தது காம்பு முனையா, பூ முனையா? பூ உதிர்ந்த முனையில் காயை இளக்கும் நொதிகள் தங்கியிருப்பதால், ஊறவைக்கும் முன் அங்கிருந்து ஒன்றரை மில்லிமீட்டர் அளவுக்குச் சீவி நீக்க வேண்டும். பலரும் தவறுதலாகக் காம்புப் பக்கத்தைச் சீவிவிட்டு, பூ முனையை அப்படியே விட்டுவிடுகிறார்கள்.

பதில் 2:
ஜாடி எங்கே இருக்கிறது என்பதையும் பாருங்கள். 21 முதல் 24 டிகிரி செல்சியஸ் வரை இருந்தால் மூன்று, நான்கு வாரங்களில் காய் பக்குவமாகும். 27 டிகிரியைத் தாண்டினால் விரைவில் இளகிவிடும். காய்கள் உப்புநீருக்குள் குறைந்தது இரண்டரை சென்டிமீட்டர் ஆழத்தில் அமிழ்ந்திருக்கும்படி, ஒரு தட்டை வைத்து அதன் மேல் பாரம் ஏற்றுங்கள்.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. பூ முனைதான், நான் எதையுமே சீவவில்லை. ஜாடியும் அடுப்பருகில்தான் இருந்தது. இப்போது குளிர்ந்த அறைக்கு மாற்றிவிட்டேன். மற்ற காய்களை என்ன செய்வது?

பதில் 1:
கை கழுவிவிட்டு ஒவ்வொன்றாக அழுத்திப் பாருங்கள். இளகியவற்றையும் பிசுபிசுப்பு உள்ளவற்றையும் சுவைத்துப் பார்க்காமலேயே கழித்துவிடுங்கள். பெரும்பாலானவை அப்படி இருந்தாலோ, கெட்ட வாடை வீசினாலோ முழு ஜாடியையும் கொட்டுவதே சரி. உறுதியாக இருப்பவற்றை அதே நீரில் தொடர்ந்து ஊறவிடலாம். அடுத்த முறை, பறித்து ஒரு நாளுக்குள் ஜாடியில் இடக்கூடிய சிறு பிஞ்சுகளாகத் தேர்ந்தெடுங்கள். சதகுப்பையைத் தழையாக மட்டும் இடாமல் பூங்கொத்தோடு சேர்த்தால் மணம் இன்னும் ஆழமாக இறங்கும். அந்த வேறுபாட்டை முதல் கடியிலேயே உணர்வீர்கள்.