480 நாள் சட்டத்தில் மனு கொடுத்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா?

வணக்கம். என் அண்ணன் ஒரு தனியார் தொழிற்சாலையில் பத்து வருடத்துக்கும் மேலாகத் தற்காலிக ஊழியர். நிரந்தரத் தொழிலாளி ஓட்டும் அதே மெஷின், அதே ஷிஃப்ட். சம்பளம்தான் வேறு.

24 மாதங்களுக்குள் 480 நாள் தொடர்ந்து வேலை செய்தவரை நிரந்தரமாக்க வேண்டும் என்கிறது தமிழ்நாட்டின் 1981-ஆம் ஆண்டுச் சட்டம். ஆனால் இங்கே அவ்வப்போது ஒரு வாரம் நிறுத்திவைத்து, புது டோக்கன் நம்பர் (ஆலை தரும் ஊழியர் எண்) போட்டு மறுபடி எடுப்பார்கள். தொழிலாளியின் தவறில்லாமல் வேலை நின்றால் பணித்தொடர்ச்சி அறுபடாது என்றும் அதே சட்டத்தில் இருக்கிறது. சரி, அதை நிரூபிப்பது எப்படி? வருகைப் பதிவேடு அவர்கள் கையில். எங்களிடம் இருப்பது பிஎஃப் பாஸ்புக், இஎஸ்ஐ அட்டை, அப்புறம் எழுத்து மங்கிப்போன சில சம்பளச் சீட்டுகள். அவற்றிலும் டோக்கன் நம்பர் ஆளுக்கொன்றாக இருப்பதுபோல் மாறி மாறி இருக்கிறது.

2006-இல் உச்ச நீதிமன்றம் தந்த உமாதேவி தீர்ப்பைக் காட்டி 'வாய்ப்பே இல்லை' என்கிறார் தெரிந்தவர் ஒருவர். அது அரசுப் பணி நியமனம் பற்றியது, தனியார் ஆலைக்கு ஏன் இழுக்கிறார் என்று புரியவில்லை.

இந்தச் சட்டத்துக்கான ஆய்வாளரிடம் மனு கொடுத்தவர்கள் சொல்லுங்கள்: எந்த ஆவணத்தை ஏற்றுக்கொண்டார்கள்? தனியாகக் கொடுத்தீர்களா, சங்கம் மூலமாகவா? மனு கொடுத்ததும் வேலையை விட்டு நிறுத்தினார்களா?

இன்னொன்று, கொஞ்சம் அவசரம். அண்ணனின் வேலையை ஒப்பந்ததாரர் பெயருக்கு மாற்றும் தாளில் கையெழுத்துக் கேட்கிறார்கள். அண்ணன் இன்னும் போடவில்லை. போட்டால் பழைய சர்வீஸ் போய்விடுமா?