கொளத்தூர் தொட்டிகளில் பார்த்த ஏஞ்சல்களும் ஒரு நல்ல சில்வரும்

தொட்டியில் ஏஞ்சல் மீன் வளர்க்கிறவர்கள் இரண்டு பேர் சந்தித்தால் பேச்சு எப்படியும் "உங்ககிட்ட என்ன ரகம் இருக்கு?" என்பதில் வந்து நிற்கும். பிளாட்டினம், புளூ, கோய், பேர்ல் ஸ்கேல் என்று பெயர்கள் வரிசையாக வரும். நான் பார்த்ததையும் வளர்த்ததையும் வைத்துச் சொல்கிறேன். இன்றைக்குக் கடைகளில் தேடிக் கிடைக்காத ஏஞ்சல் எது என்றால், முதுகுத் துடுப்பு நேராக நிமிர்ந்து, கறுப்புப் பட்டைகள் அழுத்தமாக விழுந்த, நல்ல உயரமான சாதாரண சில்வர்தான்.

சில்வர் எல்லாக் கடையிலும் இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது. ஆனால் பெரும்பாலும் ஒரு ரூபாய் நாணய அளவில், கண் மட்டும் பெரிதாக, உடம்பு சின்னதாக நிற்கும். உடம்புக்குப் பொருந்தாத பெரிய கண் என்றால் அந்த மீன் குஞ்சிலேயே வளர்ச்சி நின்றுபோனது என்று அர்த்தம். நெருக்கடியான தொட்டியில், சரியாகத் தண்ணீர் மாற்றாமல் வளர்ந்திருக்கும். வீட்டுக்குக் கொண்டுவந்து என்ன போட்டாலும் அது விட்டுப்போன வளர்ச்சியைப் பிடிக்காது. விலை குறைந்த ரகம் என்பதால் யாரும் நல்ல ஜோடியைத் தேர்ந்து சில்வர் எடுப்பதில்லை, கழிவு போக மிஞ்சியதுதான் சில்வர் என்று விற்பனைக்கு வருகிறது.

சென்னை கொளத்தூரில் வண்ண மீன் கடைத்தெருவைத் தாண்டி உள்ளே போனால், குஞ்சு எடுக்கிறவர்களின் வீடுகளில் கண்ணாடித் தொட்டிகள் அடுக்கடுக்காக இருக்கும். அப்படி ஒரு வீட்டில்தான் நான் சொல்கிற சில்வரைப் பார்த்தேன். மேல் துடுப்பின் நுனியிலிருந்து கீழ்த் துடுப்பின் நுனி வரை ஒரு சாண் தாராளமாக இருக்கும். கண்ணின் குறுக்கே ஒரு பட்டை, உடம்பில் இரண்டு, வால் தொடங்கும் இடத்தில் ஒன்று. தொட்டிக்குள் வேறொரு ஆண் பக்கத்தில் வந்ததும் அந்தப் பட்டைகள் இன்னும் கறுத்தன, செவுள் மூடி விரிந்தது. அது பின்வாங்கிப் போனதும் பட்டைகள் மெல்ல வெளுத்துப் பழையபடி ஆனது. கலப்பு நிற ரகங்களில் இந்த மாற்றத்தை இவ்வளவு தெளிவாகப் பார்க்க முடியாது. மீனின் மனசு முழுக்க அந்தப் பட்டைகளில் எழுதியிருக்கும். "இது விற்கிறதுக்கு இல்ல தம்பி, ஜோடிக்கு வச்சிருக்கேன்" என்று அந்த வீட்டுக்காரர் முதலிலேயே சொல்லிவிட்டார்.

அவரிடம் அன்றைக்குக் கற்றுக்கொண்டது நிறைய. கறுப்பு ஏஞ்சல் குஞ்சு எடுப்பது பற்றிக் கேட்டேன். "கறுப்போட கறுப்பு சேர்த்தா குஞ்சு நிக்காது. கோல்டு பெண்ணப் போடு, அப்புறம் பாரு" என்றார். அவர் அனுபவத்தில் சொன்னதற்குப் பின்னால் நல்ல மரபியல் இருக்கிறது. கறுப்புக்கான மரபணு தாய், தகப்பன் இருவரில் ஒருவரிடமிருந்து மட்டும், அதாவது ஒரு பங்கு வந்தால் பிளாக் லேஸ். உடம்பு கருஞ்சாம்பல், பட்டைகள் அதன்மேல் தெரியும், துடுப்புகளில் ஜரிகை மாதிரி வேலைப்பாடு. இரண்டு பங்கும் வந்தால் முழுக் கறுப்பு. ஆனால் இந்த இரட்டைக் கறுப்புக் குஞ்சுகள் நலிந்தவை, பல வழியிலேயே போய்விடும். ஒரு பங்கு கறுப்பும் ஒரு பங்கு கோல்டும் (பொன்னிற ரகத்தின் மரபணு) சேர்ந்தால் மீன் பார்க்கக் கறுப்பாகவே இருக்கும், உடம்பும் திடமாக இருக்கும். ஆகவே கறுப்பு ஏஞ்சல் வாங்குகிறவர்கள் தாய் தகப்பன் என்ன நிறம் என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். என் ரசனைக்கு முழுக் கறுப்பைவிட பிளாக் லேஸ்தான் மேல். பின்னாலிருந்து வெளிச்சம் விழும்போது அந்த வால் துடுப்பைப் பார்த்தால் ஒத்துக்கொள்வீர்கள்.

அடுத்தது கோஸ்ட். பட்டைகள் மறைந்துபோன சில்வர் என்று வைத்துக்கொள்ளலாம். பட்டையை அழிக்கிற மரபணு ஒரு பங்கு இருந்தால் கோஸ்ட், இரண்டு பங்கு இருந்தால் பிளஷிங். என் நண்பர் ஒருவர் வீட்டில் கோஸ்ட் ஜோடி முட்டை போட்டு, குஞ்சுகள் வளர்ந்து வந்தபோது அவருடைய அம்மா பதறிப்போய், "கன்னத்துல ரத்தம் வருதுடா" என்று கூப்பிட்டிருக்கிறார். ரத்தம் இல்லை. பிளஷிங் குஞ்சுகளுக்குச் செவுள் மூடி கண்ணாடி போல இருக்கும், உள்ளே இருக்கும் சிவந்த செவுள் அப்படியே வெளியே தெரியும். வளர வளர அது மறைந்துவிடும். அந்தக் குஞ்சுகளில் ஏறக்குறைய கால் பங்கு பிளஷிங், பாதி கோஸ்ட், மீதி பட்டையோடு சில்வர். பள்ளிக்கூடத்தில் மெண்டல் பட்டாணிச் செடியை வைத்துப் படித்த கணக்கு, கண்ணெதிரே தொட்டியில் நீந்திக்கொண்டிருந்தது.

கோய் ஏஞ்சலிலும் இதே பட்டை அழிக்கும் மரபணுதான் வேலை செய்கிறது, கூடவே பொன்னிறத்தில் கறுப்புத் திட்டு போடும் கோல்டு மார்பிள் மரபணு சேர்கிறது. தலையில் ஆரஞ்சுத் தொப்பி, உடம்பு வெள்ளை, அங்கங்கே கறுப்புத் திட்டு. கடையில் பார்க்கும்போது இருந்த திட்டுகள் அப்படியே இருக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள், வளரும்போது கூடும், குறையும். அந்த ஆரஞ்சு நிறத்துக்குத் தீனி முக்கியம். ஆர்ட்டீமியா என்கிற பொடி இறால், நிறமிச் சத்துள்ள நல்ல குருணைத் தீனி கொடுத்து வந்தால் சிவப்பு ஏறும், வெறும் மலிவுத் தீனியில் வெளுத்துவிடும்.

பேர்ல் ஸ்கேல் பற்றி ஒரே ஒரு விஷயம். சின்னக் குஞ்சில் செதிலைப் பார்த்து வாங்க முடியாது, கொஞ்சம் வளர்ந்த பிறகுதான் செதில் சுருங்கி மின்னத் தொடங்கும்.

இப்போது எல்லோரும் தேடுகிற புளூவுக்கு வருகிறேன். பிலிப்பைன் புளூ என்று பெயர். இது ஒடுங்கு பண்பு, தாய் தகப்பன் இரண்டு பக்கமிருந்தும் வந்தால்தான் வெளியே தெரியும். அதனால்தான் சில சமயம் நீலமே இல்லாத ஜோடியிடமிருந்து நீலக் குஞ்சு வருகிறது. இந்த நீலத்தோடு கோல்டும் இரண்டிரண்டு பங்கு சேர்ந்தால் பிளாட்டினம், பால் வெள்ளையில் ஒரு மினுமினுப்பு. அழகான மீன்தான், மறுக்கவில்லை. ஆனால் படங்களில் காட்டுகிற கருநீலத்தை நம்பி வாங்க வேண்டாம். முதுகிலும் துடுப்பிலும் ஓடுகிற ஒரு பளபளப்புதான் அது, வெளிச்சம் மேலிருந்து சரிந்து விழும்போது தெரியும், மற்ற நேரம் சாம்பலாக இருக்கும். நேரில், சாதாரண வெள்ளை விளக்கில் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

இதுவரை சொன்ன அத்தனையும் மனிதன் தொட்டியில் தேர்ந்தெடுத்து உண்டாக்கியவை. அவற்றின் மூலம் பெரும்பாலும் ஒரே இனம், ஸ்கலாரே. இயற்கையில் ஏஞ்சலில் மொத்தம் மூன்று இனங்கள்தான்: 1823-இல் விவரிக்கப்பட்ட ஸ்கலாரே, 1903-இல் ஆல்டம், 1963-இல் லியோபோல்டி. மூன்றும் தென் அமெரிக்கா. லியோபோல்டி என்கிற பெயர் பெல்ஜியத்தின் மூன்றாம் லியோபோல்டு மன்னரை ஒட்டி வைத்தது.

ஆல்டத்தை நான் பார்த்தது பெங்களூரில், தெரிந்தவர் ஒருவர் வீட்டில். தொட்டியே நம் வழக்கமான தொட்டியைவிட ரொம்ப உயரம். ஆர்.ஓ. தண்ணீர், அதில் பாதாம் இலை ஊறி டீ நிறம். உள்ளே ஐந்தாறு மீன்கள் அசையாமல் நின்றன. நெற்றியிலிருந்து வாய்க்கு இறங்கும் கோட்டில், மூக்குக்கு மேலே ஒரு பள்ளம், அதுதான் ஆல்டத்தின் அடையாளம். பட்டைகள் கறுப்பு இல்லை, பழுப்பில் சிவப்பு கலந்தது. துடுப்போடு சேர்த்தால் ஒரு அடியைத் தாண்டும் இனம் இது. ஒரினோகோ ஆற்றுப் படுகையிலும் ரியோ நீக்ரோவின் மேல்பகுதியிலும் அமிலத்தன்மை மிகுந்த, உப்பே இல்லாத தண்ணீரில் வாழ்கிறது. 28 முதல் 30 டிகிரி சூடு வேண்டும். தொட்டியில் குஞ்சு பொரிப்பது அபூர்வம். நம் ஊர் போர் தண்ணீரை நேரடியாக ஊற்றி இதை வளர்க்க நினைப்பது மீனுக்குச் செய்கிற கொடுமை. அப்புறம், "பெருவியன் ஆல்டம்" என்று சொல்லி விற்றால் கவனம். அது பெரு நாட்டு ஸ்கலாரேதான், ஆல்டம் இல்லை. நல்ல மீன்தான், ஆனால் ஆல்டத்தின் விலையைக் கொடுக்க வேண்டியதில்லை.

தொட்டியில் பிறந்து வளர்ந்த ஸ்கலாரேவுக்கு இந்தப் பாடெல்லாம் இல்லை, நம் தண்ணீருக்குப் பழகிவிடும். பதினெட்டு அங்குல உயரத் தொட்டி, வாரா வாரம் தண்ணீர் மாற்றம், அவ்வளவுதான். இதே தொட்டியில் நியான் டெட்ரா என்கிற சின்ன மீனை விடாதீர்கள், வளர்ந்த ஏஞ்சல் அதைத் தின்றுவிடும். டைகர் பார்ப் நேர் எதிர், அது ஏஞ்சலின் துடுப்பைக் கடித்துக் குதறும்.

குஞ்சு வாங்கும்போது நான் பார்ப்பது: முன்னால் மீசை மாதிரி தொங்கும் இரண்டு துடுப்புகளும் வளையாமல் இருக்கிறதா, செவுள் மூடி முழுசாக மூடுகிறதா, கண் உடம்புக்கு அளவாக இருக்கிறதா. நிறம் அதற்கு அப்புறம். ஆணா பெண்ணா என்று அந்த வயதில் சொல்ல முடியாது, ஆறு குஞ்சுகளாக வாங்கி ஒன்றாக வளர்த்தால் ஜோடி தானாகச் சேரும். முட்டையிடும் சமயத்தில்தான் வித்தியாசம் தெரியும், வயிற்றடியில் வெளியே நீளும் இனப்பெருக்கக் குழல் ஆணுக்கு மெலிந்து கூராகவும் பெண்ணுடையது தடித்து மழுங்கியும் இருக்கும். இலையிலோ சிலேட்டிலோ பி.வி.சி. பைப்பிலோ செங்குத்தாக வரிசை வரிசையாக முட்டை வைக்கும். 27 டிகிரி சூட்டில் ஏறக்குறைய இரண்டரை நாளில் பொரியும். அதன் பிறகு நாலைந்து நாள் குஞ்சுகள் தலையால் ஒட்டிக்கொண்டு வாலை மட்டும் ஆட்டிக்கொண்டிருக்கும். நீந்தத் தொடங்கிய பிறகு தீனி போட்டால் போதும், புதிதாகப் பொரித்த ஆர்ட்டீமியாதான் சிறந்தது.

அந்த கொளத்தூர்க்காரரின் சில்வர் ஜோடியின் குஞ்சுகளில் சில இப்போது என்னிடம் வளர்கின்றன. இவற்றோடு சேர்க்க வேறு வம்சத்து நல்ல சில்வர் தேவைப்படுகிறது. யாரிடமாவது உயரமான, துடுப்பு நேரான சில்வர் இருந்தால் படத்தோடு சொல்லுங்கள். லியோபோல்டியை நம் ஊரில் நேரில் பார்த்தவர்கள் இருந்தால் அதையும் எழுதுங்கள். முதுகுத் துடுப்பின் அடியில் கறுப்புப் புள்ளி இருந்ததா, நெற்றியில் பள்ளம் இல்லாமல் கோடு நேராக இறங்கியதா என்பதையும் சேர்த்துச் சொன்னால் அது லியோபோல்டிதானா என்று பார்த்துவிடலாம்.