எச்-4இல் புதிதாக வந்திருக்கிறீர்களா? எதற்குக் காத்திருப்பது, எதற்குக் காத்திருக்கக் கூடாது

கேள்வி: கல்யாணம் முடிந்து எச்-4 விசாவில் (அமெரிக்காவில் எச்-1பி வேலை விசாவில் இருப்பவரின் குடும்பத்தாருக்கானது) டல்லாஸ் பக்கம் வந்திருக்கிறேன். கோயம்புத்தூரில் டெஸ்டிங் வேலையில் இருந்தேன். அவருடைய கம்பெனியில் இப்போதுதான் பெர்ம் (கிரீன் கார்டுக்கு முதல் படியான லேபர் டிபார்ட்மென்ட் அனுமதி) ஆரம்பித்திருக்கிறார்களாம். கேட்டால் எல்லோரும் "கொஞ்ச நாள் பொறு" என்கிறார்கள். அந்தக் கொஞ்ச நாள் எவ்வளவு என்று யாராவது நேராகச் சொல்லுங்கள் அக்கா.

பதில்: நேராகவே சொல்கிறேன் தங்கச்சி. உங்களுக்கு முன்னால் இருப்பது இரண்டு வரிசை. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்வதில்தான் பாதி மனக்கஷ்டம் வருகிறது.

முதல் வரிசை உங்கள் வேலை அனுமதி, அதாவது ஈஏடி கார்டு. எச்-1பியில் இருப்பவரின் ஐ-140 (அவருடைய கிரீன் கார்டுக்காகக் கம்பெனி போடுகிற மனு) அப்ரூவ் ஆகிவிட்டால் அவர் மனைவியோ கணவரோ இதற்கு விண்ணப்பிக்கலாம் என்ற விதி 2015 மே முதல் இருக்கிறது. அந்த ஐ-140க்கு முன்னால் பெர்ம் முடிய வேண்டும். சம்பள நிர்ணயம், விளம்பரம், லேபர் டிபார்ட்மென்ட் பரிசீலனை என்று அது இழுக்கும். இப்போதைய நிலவரத்தில் ஒன்றரை, இரண்டு வருடம் ஆகிறது. பணம் கட்டினாலும் பெர்மை முடுக்க வழி கிடையாது. ஐ-140ஐ முடுக்கலாம். பிரீமியம், அதாவது விரைவுப் பரிசீலனைக் கட்டணம் கட்டினால் 15 வேலை நாட்களுக்குள் ஏதாவது பதில் வந்துவிடும். "பிரீமியத்தில் போடுவீர்களா, செலவு யாருடையது?" என்று கம்பெனியில் இப்போதே கேட்டு வைக்கச் சொல்லுங்கள். அப்புறம் ஈஏடிக்குச் சில மாதம். ஆக, இரண்டிலிருந்து மூன்று வருடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். நீளம்தான், ஆனால் முடிவு தெரிகிற வரிசை. இதற்குப் பொறுமையாக இருக்கலாம்.

இரண்டாவது வரிசை கிரீன் கார்டு. இதற்கு நாள் குறித்துச் சொல்பவர் யாராக இருந்தாலும் நம்பாதீர்கள். வேலை அடிப்படையில் ஆண்டுக்குச் சுமார் 1,40,000 கார்டுகள், மனைவி குழந்தைகளையும் சேர்த்து. அதில் எந்த ஒரு நாட்டுக்கும் 7 சதவீதம்தான் என்று உச்சவரம்பு. மற்றவர்கள் எடுத்தது போக மீதி இருந்தால்தான் இந்தியாவில் பிறந்தவர்களுக்குக் கூடுதலாகக் கிடைக்கும். கம்பெனி பெர்ம் ஃபைல் செய்கிற நாள்தான் உங்கள் பிரயாரிட்டி டேட், அதாவது வரிசையில் உங்கள் இடம். யாருடைய முறை வந்திருக்கிறது என்று அரசு மாதாமாதம் வெளியிடுகிற விசா புல்லட்டினில் அந்தத் தேதி எட்டும்வரை நின்றுகொண்டிருக்க வேண்டும்.

புல்லட்டினில் வருகிற தேதி முன்னால் மட்டும் போவதில்லை. கோவிட் காலத்தில் தூதரகங்கள் மூடிக் கிடந்ததால் குடும்ப விசா எண்கள் மிஞ்சி, அடுத்த நிதியாண்டுகளில் வேலை அடிப்படைப் பக்கம் வந்து சேர்ந்தன. இந்தியர்களுக்கான ஈபி-2 (வேலை அடிப்படைக் கார்டுகளில் இரண்டாம் பிரிவு) தேதி 2022 செப்டம்பரில் 2014 டிசம்பர் வரைக்கும் வந்துவிட்டது. அடுத்த மாதமே 2012 ஏப்ரலுக்குப் பின்வாங்கியது. "இன்னும் ரெண்டு மாசத்துல நம்ம டேட் கரண்ட் ஆயிடும்" (அதாவது நம் முறை வந்துவிடும்) என்று மெடிக்கல் டெஸ்ட் வரை எடுத்து வைத்திருந்தவர்கள் பலர் அப்படியே நின்றுபோனார்கள். ஆகவே புல்லட்டினை மாதம் ஒரு முறை பாருங்கள், மூடிவிடுங்கள். தேதி கணிக்கிற வாட்ஸ்அப் குழுக்களிலிருந்து வெளியே வந்துவிடுங்கள். அங்கே நடப்பது ஜோசியம், அதுவும் மோசமான ஜோசியம்.

இந்த வரிசைக்கு என் பதில், காத்திருக்கவே வேண்டாம் என்பதுதான். விண்ணப்பம் பாட்டுக்குக் கிடக்கட்டும். வீடு வாங்குவது, குழந்தை, படிப்பு எதையும் "கார்டு வந்ததும்" என்று தள்ளிப்போடாதீர்கள். ஐ-140 கையில் இருந்தால் ஆறு வருட வரம்பு தாண்டியும் எச்-1பியை மூன்று மூன்று வருடமாக நீட்டிக்கலாம். அப்ரூவ் ஆகி 180 நாள் தாண்டிவிட்டால், அவர் வேலை மாறி, பழைய கம்பெனி ஐ-140ஐத் திரும்பப் பெற்றாலும் தேதி பொதுவாகக் கூடவே வரும். புதுக் கம்பெனியில் பெர்மும் ஐ-140ம் மறுபடி போட வேண்டும், ஆனால் வரிசையில் உங்கள் இடம் பழையதுதான்.

சரி, இந்த இரண்டு மூன்று வருடத்துக்கு வருவோம். எச்-4இல் வந்தவர்களுக்கு எது கஷ்டம் என்று வெளியில் இருப்பவர்களுக்குப் புரியாது. காலையில் அவர் கிளம்பிவிடுவார் அல்லது அறைக்கதவைச் சாத்திக்கொண்டு மீட்டிங்கில் உட்கார்ந்துவிடுவார். சமையல் பதினோரு மணிக்கே முடிந்துவிடும். மத்தியானம் இரண்டு மணிக்கு அம்மாவோடு பேசலாம் என்று போனை எடுத்தால் ஊரில் நள்ளிரவு தாண்டியிருக்கும். அபார்ட்மென்ட்டில் ஏசி ஓடுகிற சத்தம் மட்டும். வெளியே நடக்கலாம் என்றால் டெக்சாஸ் வெயில், பல இடங்களில் நடைபாதையே கிடையாது.

அதனால் முதலில் டிரைவிங் லைசென்ஸ். படிப்பு, யோகா எல்லாம் அப்புறம். டல்லாஸ் மாதிரி ஊரில் கார் ஓட்டத் தெரியாவிட்டால் பால் வாங்கக்கூட இன்னொருவர் தயவு வேண்டும், அந்தத் தயவுதான் நாளாக ஆக மனதை அரிக்கும். ஈஏடி வரும்வரை உங்களுக்கு சோஷியல் செக்யூரிட்டி நம்பர் கிடையாது. ஆனால் லைசென்ஸுக்கு அது தடையில்லை. சில மாநிலங்களில் சோஷியல் செக்யூரிட்டி அலுவலகத்துக்குப் போய் "இவருக்கு நம்பர் பெறத் தகுதியில்லை" என்று ஒரு கடிதம் வாங்கி வரச் சொல்வார்கள். டெஸ்ட் அப்பாயின்ட்மென்ட் கிடைக்கவே நாளாகும், இன்றே பதிந்துவிடுங்கள்.

எச்-4இல் படிக்கத் தடையில்லை, முழுநேரப் படிப்பாகவே சேரலாம். கம்யூனிட்டி காலேஜில் உள்ளூர்க் கட்டணம் உங்களுக்குப் பொருந்துமா என்று முதலில் விசாரியுங்கள், மாநிலத்துக்கு மாநிலம் மாறும். டெஸ்டிங்கில் இருந்தவருக்கு ஆட்டோமேஷன் பக்கம் கையை விடாமல் வைத்திருப்பது நல்லது. ஈஏடி வந்த அன்றே ரெஸ்யூமே அனுப்பலாம். வார இறுதியில் தமிழ்ப் பள்ளியில் பாடம் எடுக்கப் போகலாம். டல்லாஸில் மெட்ரோபிளெக்ஸ் தமிழ்ச் சங்கம் இருக்கிறது, தன்னார்வலர்களுக்கு எங்கேயும் பஞ்சம்தான். உங்களை "இன்னாருடைய வைஃப்" என்று இல்லாமல் "டீச்சர்" என்று கூப்பிட நாலு பிள்ளைகள் இருப்பது பெரிய ஆறுதல்.

வீட்டுக்காரரிடம் ஒரு விஷயம் கண்டிப்பாகச் சொல்லுங்கள். ஐ-140 அப்ரூவல் நோட்டீஸ் கம்பெனிக்குத்தான் வரும், சில கம்பெனிகள் ஊழியருக்கு நகல் தருவதில்லை. நகலையோ, குறைந்தது ரசீது எண்ணையோ கேட்டு வாங்கச் சொல்லுங்கள். உங்கள் ஈஏடி விண்ணப்பத்துக்கு அது வேண்டும். "அதெல்லாம் லாயர் பார்த்துப்பாங்க" என்று அவர் சொன்னால் விடாதீர்கள். காகிதங்கள் எங்கே இருக்கின்றன என்று தெரிந்தாலே காத்திருப்பதில் உள்ள பயம் பாதி குறையும்.

ஊரிலிருந்து "வேலை கிடைச்சுதா?" என்று கேட்பவர்களுக்கு விசா விதியெல்லாம் விளக்காதீர்கள். "படிச்சுட்டிருக்கேன்" போதும்.

கேள்வி: ரொம்ப நன்றி அக்கா. அதுவரை வீட்டிலிருந்தே டிபன் செய்து கொடுக்கலாமா? பழைய கம்பெனியில் ரிமோட்டாகப் பார்க்கச் சொல்கிறார்கள், சம்பளம் இந்திய அக்கவுன்ட்டில்தான் வரும்.

பதில்: டிபன் வேண்டாம். காசு வாங்கினால் அது வேலைதான், ஜீபேயில் வாங்கினாலும் கையில் வாங்கினாலும். "முதலில் சும்மா பாருங்க, ஈஏடி வந்ததும் பேரோலில் போடறோம்" என்று சொல்கிற கன்சல்டன்சி பக்கமும் போகாதீர்கள். சம்பளம் தர வேண்டிய வேலையைச் சும்மா செய்தாலும் பிரச்சினைதான், தன்னார்வப் பணி என்பது வேறு. ரிமோட் வேலையைப் பொறுத்தவரை, சம்பளம் எங்கே விழுகிறது என்பதைவிட நீங்கள் எங்கே உட்கார்ந்து வேலை செய்கிறீர்கள் என்பதைத்தான் பெரும்பாலான லாயர்கள் பார்க்கிறார்கள். பிறகு கிரீன் கார்டு விண்ணப்பத்தில் வேலை விவரம் எழுத வேண்டிவரும், அங்கே மாட்டிக்கொள்ளக் கூடாது. கம்பெனி லாயர் கம்பெனிக்காகப் பேசுபவர், இதற்கு உங்கள் கைக்காசில் வேறொரு இமிக்ரேஷன் லாயரிடம் அரை மணி நேரம் வாங்கிக் கேளுங்கள். கூடவே ஈஏடி ரினியூவல் பற்றியும் கேட்டு வையுங்கள். 180 நாள் முன்னாலேயே போடலாம். 2025 அக்டோபர் 30 முதல் போடுகிற விண்ணப்பங்களுக்குப் பழைய கார்டு தானாக நீள்வதில்லை. கடைசி மாதத்தில் போட்டால் நடுவில் வேலையை நிறுத்த வேண்டி வரும்.