ஸ்டீரியோஸ்பெசிபிக், ஸ்டீரியோசெலக்டிவ்: எந்தத் தாக்கத்துக்கு எந்தப் பெயர்?

கேள்வி: வெள்ளவத்தை மாணவி

வணக்கம். நான் கொழும்பில் இரசாயனவியல் பட்டப்படிப்பின் இரண்டாம் ஆண்டில் பயில்கிறேன். சேதன இரசாயன விரிவுரைகளில் ஸ்டீரியோஸ்பெசிபிக், ஸ்டீரியோசெலக்டிவ் என்னும் இரு சொற்களும் அடிக்கடி வருகின்றன. அவற்றுக்கிடையிலான எல்லை எங்கே இருக்கிறது என்பது எனக்கு விளங்கவில்லை. நான் வாசித்த நூலொன்று, விளைவாகக் கிடைக்கக்கூடிய திண்மச் சமபகுதியங்களுள் (அணுக்களின் இணைப்பு ஒன்றாகவும் முப்பரிமாண அமைப்பு வேறாகவும் உள்ள வடிவங்களுள்) ஒன்று மாத்திரம் கிடைத்தால் அத்தாக்கம் ஸ்டீரியோஸ்பெசிபிக் என்றும், ஒன்று கூடுதலாகவும் மற்றது குறைவாகவும் கிடைத்தால் ஸ்டீரியோசெலக்டிவ் என்றும் சொல்கிறது. அப்படியானால், லின்ட்லர் ஊக்கியின் முன்னிலையில் 2-பியூற்றைனுக்கு ஐதரசன் சேர்க்கும்போது ஏறத்தாழ முழுவதும் சிஸ்-2-பியூற்றீனே (இரு மெதைல் கூட்டங்களும் இரட்டைப் பிணைப்பின் ஒரே பக்கத்தில் உள்ள வடிவமே) கிடைப்பதால், அதை ஸ்டீரியோஸ்பெசிபிக் என்றுதானே சொல்ல வேண்டும்? ஆனால் எங்களுக்குத் தரப்பட்ட பயிற்சித்தாளின் விடைக்குறிப்பு அதனை ஸ்டீரியோசெலக்டிவ் மட்டுமே என்கிறது. அதே தாளில் 2-பியூற்றீனுக்குப் புரோமீன் சேரும் தாக்கம் ஸ்டீரியோஸ்பெசிபிக் எனப்படுகிறது. வேறுபாடு விளைவின் அளவில் இல்லையென்றால் வேறு எதில் இருக்கிறது என்பதை யாராவது விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

பதில் 1: ஓய்வுபெற்ற இரசாயனவியல் ஆசிரியர், கொட்டாஞ்சேனை

மகளே, பயிற்சித்தாளின் விடை சரியானது. நூலின் விளக்கத்தைத்தான் விட்டுவிட வேண்டும். ஸ்டீரியோசெலக்டிவ் என்பது விளைவைப் பார்த்து மட்டும் சொல்லும் சொல். ஒரு தாக்கத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட திண்மச் சமபகுதியங்கள் உருவாக வாய்ப்பிருந்து, அவற்றுள் ஒன்று மற்றதைவிடக் கூடுதலாக உருவானால் அது ஸ்டீரியோசெலக்டிவ். அந்தக் கூடுதல் 60 வீதமாக இருந்தாலென்ன, 99 வீதமாக இருந்தாலென்ன, பெயர் அதுவே. ஸ்டீரியோஸ்பெசிபிக் என்பதோ தாக்கிக்கும் விளைவுக்கும் இடையிலுள்ள தொடர்பைச் சொல்வது. முப்பரிமாண அமைப்பில் மட்டும் வேறுபடுகின்ற இரு தாக்கிகளை எடுத்து, ஒரே சோதனைப்பொருளுடன் ஒரே நிபந்தனைகளில் தாக்கமுறச் செய்யும்போது, அவை ஒன்றுக்கொன்று திண்மச் சமபகுதியங்களாக அமையும் வெவ்வேறு விளைவுகளைத் தந்தால் மாத்திரமே அந்தச் சொல்லைப் பயன்படுத்தலாம். இந்த வரையறையை 1959இல் சிமர்மனும் அவருடன் பணியாற்றியோரும் அமெரிக்க இரசாயனச் சங்கத்தின் இதழில் தெளிவாக வைத்தார்கள். இன்று ஐயுபிஏசி (இரசாயனப் பெயர்களையும் சொற்களையும் வரையறுக்கும் சர்வதேச அமைப்பு) ஏற்றுக்கொண்டிருப்பதும் சாராம்சத்தில் அதுவே.

இனி உங்களுடைய இரு தாக்கங்களையும் பாருங்கள். ட்ரான்ஸ்-2-பியூற்றீனுக்கு (மெதைல் கூட்டங்கள் எதிர்ப்பக்கங்களில் உள்ள வடிவத்துக்கு) புரோமீன் சேர்ந்தால் மீசோ-2,3-டைபுரோமோபியூற்றேன், அதாவது தன் கண்ணாடிப் பிம்பத்தோடு ஒன்றாகவே இருக்கும் வடிவம், கிடைக்கிறது. சிஸ்-2-பியூற்றீனுக்குச் சேர்ந்தால் இரு எதிருருக்களும் (ஒன்றுக்கொன்று கண்ணாடிப் பிம்பமாக உள்ள வடிவங்களும்) சம அளவில் கலந்த இராசிமிக் கலவை கிடைக்கிறது. 1937இல் ரொபேட்ஸும் கிம்போலும் முன்மொழிந்தபடி, முதலில் மூன்றணு வளையமுடைய புரோமோனியம் அயன் தோன்றுகிறது; பின்னர் புரோமைட்டு அயன் அந்த வளையத்தின் எதிர்ப்புறத்திலிருந்து வந்து காபனைத் தாக்குகிறது. வளையம் இருக்கும் வரையில் இரு காபன்களுக்கும் இடையிலான பிணைப்புச் சுழல முடியாது. ஆகவே அற்கீனில் இருந்த அமைப்பு அழியாமல் விளைவுக்குக் கடத்தப்படுகிறது.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். நூலின் விளக்கத்தை அப்படியே எடுத்துக்கொண்டால், சிஸ்-2-பியூற்றீன் இரு எதிருருக்களைத் தருவதால், அதாவது ஒன்றல்ல, இரண்டு திண்மச் சமபகுதியங்களைத் தருவதால், இத்தாக்கம் ஸ்டீரியோஸ்பெசிபிக் ஆக முடியாது. ஆனால் எல்லோரும் முதலில் எடுத்துக்காட்டும் ஸ்டீரியோஸ்பெசிபிக் தாக்கம் இதுவே. அந்த விளக்கம் தவறென்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

2-பியூற்றைனின் நிலை வேறு. முப்பிணைப்பைச் சுற்றி அந்த மூலக்கூறு நேர்கோடாக அமைவதால் அதற்குச் சிஸ் வடிவமும் இல்லை, ட்ரான்ஸ் வடிவமும் இல்லை. ஒப்பிட்டுப் பார்ப்பதற்கு இரண்டாவது தாக்கி கிடையாது. லின்ட்லர் ஊக்கியின் மேற்பரப்பிலிருந்து இரு ஐதரசன்களும் ஒரே பக்கமாகச் சேர்வதால் சிஸ் அற்கீன் கிடைக்கிறது. அதே அற்கைனைத் திரவ அமோனியாவில் சோடியத்துடன் தாழ்த்தினால் ட்ரான்ஸ் அற்கீன் கிடைக்கிறது. இரண்டும் மிகத் திறமான ஸ்டீரியோசெலக்டிவ் தாக்கங்கள். எது கிடைக்கும் என்பதைத் தீர்மானிப்பது நாம் தெரிவுசெய்யும் சோதனைப்பொருளேயன்றித் தாக்கியில் ஏற்கெனவே இருந்த அமைப்பல்ல. அங்கே அப்படியொரு அமைப்பே இருக்கவில்லை.

கேள்வி கேட்டவர்: வெள்ளவத்தை மாணவி

மிக்க நன்றி சேர். அற்கைன் விடயம் இப்போது விளங்கிவிட்டது. ஆனால் இதிலிருந்து இன்னும் இரண்டு ஐயங்கள் எழுகின்றன. சைக்கிளோஹெக்சீனுக்குப் புரோமீன் சேர்ந்து ட்ரான்ஸ்-1,2-டைபுரோமோசைக்கிளோஹெக்சேன் கிடைப்பதையும் ஸ்டீரியோஸ்பெசிபிக் என்றே நூல்கள் கூறுகின்றன. அந்த ஆறணு வளையத்தில் ட்ரான்ஸ் இரட்டைப் பிணைப்பை வைத்துப் பரிசோதிக்க முடியாதபோது, இரு தாக்கிகளை ஒப்பிட வேண்டுமென்ற நிபந்தனை என்னவாகிறது? மற்றது, எஸ்.என்.1 பொறிமுறையில் (வெளியேறும் கூட்டம் முதலில் நீங்கிக் காபோகற்றயன் உருவாகும் முறையில்) நிகழும் பிரதியீட்டைச் சிறிதளவும் ஸ்டீரியோஸ்பெசிபிக் அல்ல என்று எழுதுவது எப்போதும் சரியாக இருக்குமா?

பதில் 2: பட்டமேற்படிப்பு ஆய்வு மாணவர், கொழும்பு

தங்கச்சி, முதல் ஐயத்துக்கு ஐயுபிஏசியே நேரடியாக விடை சொல்லியிருக்கிறது. ஒரு திண்மச் சமபகுதியத்தைக் கொண்டு மட்டுமே செய்துபார்க்கக்கூடிய தாக்கங்களுக்கும் இச்சொல் பொருந்தும் என அவர்களுடைய சொற்றொகுதி ஏற்றுக்கொள்கிறது. அதற்கு அவர்கள் காட்டும் உதாரணமும் நீங்கள் கேட்ட இதே சைக்கிளோஹெக்சீன்தான். 2-பியூற்றீன் போன்ற திறந்த சங்கிலி அற்கீன்களில் இரு வடிவங்களையும் கொண்டு செய்த பரிசோதனைகளால் பொறிமுறை நிறுவப்பட்டுவிட்டதால், வளையத்திலும் அதே பொறிமுறை இயங்குகிறது என்ற அடிப்படையில் அந்தப் பெயரை வழங்குகிறோம். 2-பியூற்றைனுடன் இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். சைக்கிளோஹெக்சீனின் இரட்டைப் பிணைப்புக்குச் சிஸ் என்ற அமைப்பு உண்டு, அதன் இணையைத்தான் நம்மால் கையாள முடியவில்லை. அற்கைனுக்கோ அப்படியோர் இணை கொள்கையளவிலும் இல்லை.

இரண்டாவது ஐயம் நல்ல ஐயம். முழுமையாகச் சுயாதீனமான காபோகற்றயன் (நேரேற்றமுள்ள காபன் அயன்) உருவாகுமானால், ஓர் எதிருருவிலிருந்து தொடங்கினாலும் மற்றையதிலிருந்து தொடங்கினாலும் ஒரே இராசிமிக் கலவையே கிடைக்கும். அங்கே ஸ்டீரியோஸ்பெசிபிக் என்ற பேச்சுக்கே இடமில்லை. ஆனால் நடைமுறையில், வெளியேறும் கூட்டம் காபோகற்றயனுக்கு அருகில் அயன் சோடியாகச் சிறிதுநேரம் நின்று ஒரு பக்கத்தை மறைத்துக்கொள்வதால், நேர்மாறிய அமைப்புடைய விளைவு சற்றுக் கூடுதலாகக் கிடைப்பது வழக்கம். இரு எதிருருக்களும் எதிரெதிரான கூடுதலைத் தருவதால், அத்தாக்கம் பகுதியளவில் ஸ்டீரியோஸ்பெசிபிக் ஆகிறது. இந்தப் பண்பு முழுமையாகவும் இருக்கலாம், பகுதியாகவும் இருக்கலாம் என்பதை ஐயுபிஏசி ஒப்புக்கொள்கிறது. பலர் கவனியாமல் கடந்துபோகும் இடம் இது. ஒரே படியில் நிகழும் எஸ்.என்.2 தாக்கத்திலோ கருநாடி (இலத்திரன் சோடியைத் தந்து காபனைத் தாக்கும் துணிக்கை) பின்புறமாகவே வருவதால், ஆர் அமைப்புடைய (ஆர், எஸ் என்பவை இரு எதிருருக்களையும் பிரித்தறியும் குறியீடுகள்) 2-புரோமோஒக்டேன் ஐதரொட்சைட்டுடன் எஸ் அமைப்புடைய 2-ஒக்டனோலையும், எஸ் அமைப்புடையது ஆர் அமைப்புடையதையும் தருகின்றன.

இந்த வேறுபாட்டில் நான் பிடிவாதமாக இருப்பதற்குக் காரணம், பொறிமுறையை ஆராய்பவர் கையில் இது ஒரு கருவி என்பதே. 1956இல் ஸ்கெல் டைபுரோமோகாபீனை (காபீன் என்பது இரு பிணைப்புகளும் பிணைப்பில் சேராத இரு இலத்திரன்களும் உடைய காபன் துணிக்கை) எடுத்துச் சிஸ், ட்ரான்ஸ் 2-பியூற்றீன்களுடன் தாக்கமுறச் செய்தபோது, சிஸ் அற்கீன் சிஸ் சைக்கிளோபுரோப்பேனையும் ட்ரான்ஸ் அற்கீன் ட்ரான்ஸ் சைக்கிளோபுரோப்பேனையும் மட்டுமே தந்தன. இரு பிணைப்புகளும் ஒரே படியில் உருவாகின்றன, ஆகவே அந்தக் காபீன் சிங்லெற் நிலையில் (அவ்விரு இலத்திரன்களும் சோடியாக உள்ள நிலையில்) இருக்கிறது என்ற முடிவுக்கு அது வழிவகுத்தது. அவை சோடியாகாத ட்ரிப்லெற் காபீனாக இருந்தால் முதற் பிணைப்பு உருவானதும் இருமூலிகம் (சோடியற்ற இரு இலத்திரன்கள் உள்ள இடைநிலை) தோன்றும். அது வளையமாக மூடுவதற்கு முன் மற்றப் பிணைப்பு சுழன்றுவிடுவதால், எந்த அற்கீனிலிருந்து தொடங்கினாலும் கலவையே கிடைக்கும். ஒரு அற்கீனை மட்டும் பரிசோதித்து, மிகத் தூய விளைவொன்று கிடைத்தது என்பதைக் கொண்டு இம்முடிவுக்கு வந்திருக்க முடியாது. சிஸ்ஸிலிருந்தும் ட்ரான்ஸிலிருந்தும் ஒரே விளைவு தூயதாக வரும் தாக்கங்களும் உண்டு. அவை முழுமையாக ஸ்டீரியோசெலக்டிவ் ஆக இருந்துகொண்டே சிறிதளவும் ஸ்டீரியோஸ்பெசிபிக் அல்லாதவை.

பதில் 3: இறப்பர் துறையில் பணிபுரிபவர், இரத்மலானை

மேலே சொல்லப்பட்டவை அனைத்தும் சேதன இரசாயனத்துக்குப் பொருந்தும். ஆனால் தங்கை பின்னாளில் பல்பகுதிய இரசாயனத்தை (சிறு மூலக்கூறுகளான ஒருபகுதியங்கள் இணைந்து உருவாகும் நீண்ட சங்கிலிகளின் இரசாயனத்தை) கற்கச் சென்றால் அங்கே இதே சொல் வேறு பொருளில் வழங்குவதைக் காண்பார் என்பதால் இதை எழுதுகிறேன். 1954இல் நட்டா, மெதைல் கூட்டங்கள் யாவும் ஒழுங்காக அமைந்த ஐசோடக்டிக் பொலிபுரொப்பிலீனைத் தயாரித்த முறை இன்றுவரை ஸ்டீரியோஸ்பெசிபிக் பல்பகுதியமாக்கல் என்றே அழைக்கப்படுகிறது. புரொப்பீனுக்குத் திண்மச் சமபகுதியங்களே இல்லை. ஆகவே மேலே ஆசிரியர் தந்த வரையறையின்படி அது ஸ்டீரியோசெலக்டிவ் மட்டுமே. எங்கள் துறையில் நாள்தோறும் பேசப்படும் ஐசோபிரீனும் அப்படித்தான். இறப்பர் மரம் சிஸ்-1,4-பொலிஐசோபிரீனைத் தருகிறது. தைத்தேனியம் அடங்கிய சீக்ளர்-நட்டா ஊக்கிகளைக் கொண்டு ஐசோபிரீனிலிருந்து அதே அமைப்பைப் பெருமளவில் உருவாக்கலாம். கட்டாபேர்ச்சா என்னும் மரப்பாலில் இருப்பது ட்ரான்ஸ் அமைப்பு. ஒருபகுதியம் ஒன்றுதான், ஊக்கியே அமைப்பைத் தீர்மானிக்கிறது.

பல்பகுதியங்களுக்கான ஐயுபிஏசி சொற்றொகுதியோ, ஒழுங்கான முப்பரிமாண அமைப்புடைய பல்பகுதியம் உருவாகும் முறையையே ஸ்டீரியோஸ்பெசிபிக் என்கிறது. அதோடு நிற்காமல், ஒருபகுதியத்தில் ஏற்கெனவே இருந்த அமைப்பு அப்படியே பல்பகுதியத்தில் தொடர்வதை அவ்வாறு அழைக்கலாகாது என்றும் சொல்கிறது. ஆர் அமைப்புடைய புரொப்பிலீன் ஒட்சைட்டை மட்டும் எடுத்து, அதன் அமைப்பு மாறாமல் பல்பகுதியமாக்கினால் அது அங்கே ஸ்டீரியோஸ்பெசிபிக் ஆகாது. இரு எதிருருக்களின் கலவையிலிருந்து ஒன்றை மட்டும் தெரிந்தெடுத்துப் பல்பகுதியமாக்கினால்தான் ஆகும். சேதன இரசாயனவியலாளர் முதலாவதைத்தான் அப்பெயரால் அழைப்பார் என்பதைச் சொல்லத் தேவையில்லை. எனவே ஓர் ஆய்வுக்கட்டுரையில் இச்சொல்லைக் கண்டால், அது எந்தத் துறையின் கட்டுரை என்பதை முதலில் பார்த்துக்கொள்வது அவசியம்.

பதில் 4: ஓய்வுபெற்ற இரசாயனவியல் ஆசிரியர், கொட்டாஞ்சேனை

இறப்பர் துறை நண்பரின் விளக்கத்துக்கு நன்றி. புரொப்பிலீன் ஒட்சைட்டு உதாரணத்தை இவ்வளவு துலக்கமாக எடுத்துக்காட்டியதில் மகிழ்ச்சி. மகளே, பரீட்சை விடைத்தாளைப் பொறுத்தவரை சேதன இரசாயன வரையறையையே பின்பற்றுங்கள். ஸ்டீரியோஸ்பெசிபிக் என்று எழுதினால் அச்சொல்லோடு நின்றுவிடாமல், எந்த இரு தாக்கிகள் எந்த இரு விளைவுகளைத் தருகின்றன என்பதையும் சேர்த்து வரைந்து காட்டுங்கள். உதாரணமாக, 2,3-டைபுரோமோபியூற்றேனிலிருந்து அசற்றோனில் பொற்றாசியம் அயடைட்டைக் கொண்டு புரோமீனை அகற்றும் தாக்கத்தைக் கேட்டால், இரு புரோமீன்களும் எதிரெதிர்ப் பக்கங்களில் இருக்கும் நிலையில் நீங்குவதால் மீசோ வடிவம் ட்ரான்ஸ்-2-பியூற்றீனையும் இராசிமிக் கலவை சிஸ்-2-பியூற்றீனையும் தருகின்றன என இரண்டையும் எழுத வேண்டும். 4-மூன்றாம்நிலைப் பியூற்றைல் சைக்கிளோஹெக்சனோனைச் சோடியம் போரோஐதரைட்டினால் தாழ்த்தும் தாக்கத்தைக் கேட்டால், ட்ரான்ஸ் அற்ககோல் முதன்மை விளைவு, சிஸ் அற்ககோல் சிறு விளைவு என எழுதி, ஸ்டீரியோசெலக்டிவ் என்று குறிப்பிட்டால் போதும். விளைவு மிகத் தூயதாக இருக்கிறது என்பதற்காக மட்டும் ஸ்டீரியோஸ்பெசிபிக் என்று எழுதும் பழக்கத்தை ஐயுபிஏசி வெளிப்படையாகவே ஊக்கப்படுத்துவதில்லை. கண்டிப்பான பரிசோதகர் அதற்குப் புள்ளி தரவும் மாட்டார்.