லிப்கெய்ரோ.எஸ்ஓ.2 இல்லை என்று எரர். நிறுவிய பிறகு எஸ்விஜியில் தமிழ் உடைகிறது

கேட்டவர்:
எஸ்விஜி (வெக்டர் படம்) டெம்ப்ளேட்டில் பெயரை நிரப்பி பிஎன்ஜி ஆக்கித் தரும் சின்ன பைத்தான் நிரல், அதற்கு கெய்ரோஎஸ்விஜி என்ற பைத்தான் பேக்கேஜைப் பயன்படுத்துகிறேன். டெபியன் ஸ்லிம் டாக்கர் இமேஜில் (மிகக் குறைந்த பேக்கேஜ்களே உள்ள லினக்ஸ்) ஏற்றினால் இம்போர்ட் வரியிலேயே நின்றுவிடுகிறது: "லிப்கெய்ரோ.எஸ்ஓ.2: கேனாட் ஓப்பன் ஷேர்ட் ஆப்ஜெக்ட் ஃபைல்". பைத்தான் பேக்கேஜ்களை நிறுவும் பிப் எந்தக் குறையும் சொல்லாமல்தான் நிறுவி முடித்தது, அப்புறம் ஏன் இல்லை என்கிறது? அந்த ஒரு கோப்பை மட்டும் எங்கிருந்தாவது இறக்கி லிப் ஃபோல்டரில் போட்டுவிடலாமா?

பதில் 1:
தயவுசெய்து அப்படிப் போடாதீர்கள். எவர் தொகுத்தது என்று தெரியாத எஸ்ஓ (ஷேர்ட் லைப்ரரி) கோப்பை சர்வரில் வைப்பதே ஆபத்து. தவிர, படம் வரையும் கெய்ரோ தனியாக நிற்கிற லைப்ரரி இல்லை. பிக்ஸ்மேன், ஃப்ரீடைப், ஃபான்ட்கான்ஃபிக், லிப்பிஎன்ஜி எல்லாம் அதற்குத் தேவை, ஒன்றைப் போட்டால் அடுத்தது இல்லை என்று வரும்.

பிப் கொண்டுவந்தது கெய்ரோசிஎஃப்எஃப்ஐ என்கிற பைத்தான் இணைப்பை மட்டும்தான். அது ஓடும் நேரத்தில் டிஎல்ஓப்பன் வழியாக கெய்ரோவைப் பெயர் சொல்லித் தேடுகிறது, அதனால்தான் நிறுவும்போது எதுவும் தெரியவில்லை, தேவையான லைப்ரரிகளைப் பட்டியலிடும் எல்டிடி கட்டளையைப் போட்டுப் பார்த்தாலும் தெரியாது. டாக்கர்ஃபைலில் ஏபிடி வழியாக லிப்கெய்ரோ2 பேக்கேஜைச் சேருங்கள், போதும். பிறகு எல்டிகான்ஃபிக் -பி போட்டு அதில் கெய்ரோ வருகிறதா பாருங்கள்.

பதில் 2:
லிப்கெய்ரோ2-டெவ் என்கிற டெவ் பேக்கேஜைப் போடச் சொல்லி யாராவது வருவார்கள், அது வேண்டாம். அதில் இருப்பது ஹெடர் கோப்புகளும், எண் இல்லாத லிப்கெய்ரோ.எஸ்ஓ என்கிற லிங்க்கும். தொகுப்பதற்குத்தான் அது தேவை, ஓட்டுவதற்கு இல்லை.

கேட்டவர்:
நன்றி, எரர் போய்விட்டது. ஆனால் தமிழ்ப் பெயர் வரவேண்டிய இடத்தில் வெறும் கட்டங்கள். லோஹித் தமிழ் எழுத்துருவை நிறுவினேன், எழுத்துருக்களைப் பட்டியலிடும் எஃப்சி-லிஸ்ட் அதைக் காட்டுகிறது, அப்படியும் கட்டம்தான். எஸ்விஜியில் ஏரியல் என்று இருந்ததை லோஹித் தமிழ் என்று மாற்றியதும் எழுத்து வந்தது, ஆனால் "கெ" என்பதில் ஒற்றைக்கொம்பு ககரத்துக்குப் பின்னால் போய் நிற்கிறது! "கு" என்பதில் உகரக் குறி ஒட்டாமல் தனியாக இருக்கிறது. இதே எஸ்விஜி பிரவுசரில் சரியாகத் தெரிகிறது.

பதில் 1:
இது எழுத்துருவின் குறை இல்லை. கெய்ரோஎஸ்விஜி எழுத்தை வரைவதற்கு கெய்ரோவின் எளிய டெக்ஸ்ட் வசதியைத்தான் கூப்பிடுகிறது. கெய்ரோவின் ஆவணமே அதை "டாய்" என்றுதான் அழைக்கிறது, அதாவது சோதனைக்கும் சின்ன உதாரணங்களுக்கும் மட்டும். ஒரே ஒரு எழுத்துருவைத் தேர்ந்தெடுத்து, யூனிகோடு வரிசையில் இருக்கிற குறிகளை அப்படியே ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கும். அந்த எழுத்துருவில் இல்லாத எழுத்துக்கு வேறொன்றைத் தேடாது, ஏரியலில் கட்டம் வந்தது அதனால்தான். யூனிகோடில் "கெ" என்பது முதலில் க, பிறகு கொம்பு என்றுதான் சேமிக்கப்படுகிறது. கொம்பை முன்னால் கொண்டுபோவதும், உகரத்தை ஒட்டுவதும் ஷேப்பிங் வேலை, அதைச் செய்வது ஹார்ஃப்பஸ் என்ற லைப்ரரி. டாய் வசதி அதைத் தொடவே தொடாது. தமிழ், இந்தி, அரபு எதற்குமே அந்த வழி சரிப்படாது.

எஸ்விஜியை வரையும் இன்னொரு லைப்ரரியான லிப்ஆர்எஸ்விஜி-க்கு மாறுங்கள். அதுவும் படத்தை கெய்ரோவால்தான் வரைகிறது, ஆனால் எழுத்தை, அதை அடுக்கித் தரும் பாங்கோ என்ற லைப்ரரியிடம் கொடுக்கிறது, பாங்கோ ஹார்ஃப்பஸைக் கூப்பிடுகிறது, ஃபான்ட்கான்ஃபிக் வழியாக மாற்று எழுத்துருவையும் தேடிக்கொள்கிறது. லிப்ஆர்எஸ்விஜி2-பின் பேக்கேஜை நிறுவினால் ஆர்எஸ்விஜி-கன்வெர்ட் என்ற கட்டளை வரும். பைத்தானிலிருந்து சப்ப்ராசஸில் கூப்பிட்டால் போதும்.

பதில் 3:
இன்க்ஸ்கேப் வரைகலை மென்பொருளில் எழுத்தைப் பாத் (வெறும் கோட்டு வடிவம்) ஆக மாற்றி வைத்துவிட்டாலும் உடையாதே?

பதில் 1:
மாறாத தலைப்புக்குச் செய்யலாம். இவருக்கு ஒவ்வொரு முறையும் வேறு பெயர் நிரம்புகிறது.

கேட்டவர்:
ஆர்எஸ்விஜி-கன்வெர்ட் போட்டேன், கொம்பு அதன் இடத்துக்கு வந்துவிட்டது, ஏரியல் என்றே விட்டாலும் சரியாக வருகிறது. லிப்கெய்ரோ2 வரியை டாக்கர்ஃபைலிலிருந்து எடுத்துவிடலாமா? ஷேர்ட் லைப்ரரியே இல்லாமல் செய்யவும் வழி உண்டா?

பதில் 2:
எடுத்துவிடலாம். லிப்ஆர்எஸ்விஜி தனக்கு வேண்டிய கெய்ரோ, பாங்கோ எல்லாவற்றையும் ஏபிடி வழியாகத் தானே இழுத்துக்கொள்ளும். எழுத்துரு பேக்கேஜை மட்டும் விட்டுவிடாதீர்கள், ஸ்லிம் இமேஜில் அது தானாக வராது. ஷேர்ட் லைப்ரரி இல்லாமல் வேண்டுமென்றால் ஆர்இஎஸ்விஜி பாருங்கள். ரஸ்ட்டில் எழுதியது, கெய்ரோவும் பாங்கோவும் வேண்டாம், ஷேப்பிங்கும் அதற்குள்ளேயே இருக்கிறது. ஆனால் அதற்கும் எழுத்துரு வேண்டும்.